தொண்ணூறாம் நாள்

அரசு ஊழியர் ஒருவரை வீட்டுக்கு அனுப்ப ஒரே ஒரு தாள் போதும். மேலே ந.க. எண், நாள். 'பொருள்' என்ற வரியில் பெயர், பதவி, 'தற்காலிகப் பணிநீக்கம் – ஆணை வெளியிடுதல் – தொடர்பாக'. அதன் கீழ் மூன்று பத்திகள். கடுமையான குற்றச்சாட்டுகள் குறித்த விசாரணை எதிர்நோக்கப்படுகிறது என்கிறது முதல் பத்தி. பொதுநலன் கருதி இன்று முதல் பணியிலிருந்து நிறுத்திவைக்கப்படுகிறார் என்கிறது இரண்டாவது. முன் அனுமதியின்றித் தலைமையிடத்தை விட்டு வெளியேறக் கூடாது என்கிறது மூன்றாவது. அந்தக் கடுமையான குற்றச்சாட்டு என்னவென்று பெரும்பாலும் தாளில் இருக்காது. அதற்கு வேறொரு தாள் வர வேண்டும். அலுவலக மொழியில் அதற்குப் பெயர் 'பதினேழு பி'. குற்றச்சாட்டுக் குறிப்பாணை, சார்ஜ் மெமோ.

முதல் தாள் ஒரே நாளில் தயாராகிவிடுகிறது. இரண்டாவது தாள் எப்போது வரும்? பணக் கையாடல், லஞ்சம், மோசடி என்று குற்றம் சாட்டப்பட்டு சஸ்பெண்ட் ஆனவர்கள் நீதிமன்றப் படியேறும் வழக்குகளில் பாதிக்கு மேல் இந்த ஒரு கேள்வியில்தான் சுற்றிக்கொண்டிருக்கின்றன என்று சொன்னால், சர்வீஸ் வழக்குகள் நடத்தும் வக்கீல்கள் யாரும் சண்டைக்கு வர மாட்டார்கள்.

'சஸ்பெண்ட் ஆயிட்டாராம்' என்ற செய்தி அலுவலக வாசலிலிருந்து தெருமுனை டீக்கடைக்கு வர அரை மணி நேரம்கூட ஆகாது. அங்கே விசாரணையும் முடிந்து தீர்ப்பும் சொல்லிவிடுவார்கள். சட்டத்தின் பார்வை நேர் எதிர். சஸ்பென்ஷன் தண்டனையே கிடையாது. விசாரணை முடியும்வரை ஒருவரை நாற்காலியிலிருந்து தள்ளி உட்கார வைக்கும் ஏற்பாடு, அவ்வளவுதான். ஒரிசா அரசு தொடுத்த மேல்முறையீட்டில் 1994ஆம் ஆண்டு உச்ச நீதிமன்றம் இதை விளக்கமாகவே சொன்னது. தண்டனை இல்லை என்பதால் முன்கூட்டி விளக்கம் கேட்க வேண்டியதில்லை. பதவி நீக்கத்துக்கு எதிராக அரசமைப்புச் சட்டத்தின் 311ஆவது பிரிவு தரும் பாதுகாப்பும் இதற்குக் கிடைக்காது. அதே தீர்ப்பு இன்னொன்றையும் சொன்னது: இதை வாடிக்கையாக, எந்திரம் போலச் செய்யக் கூடாது. அரசுத் தரப்பு முதல் பாதியை மனப்பாடமாக ஒப்பிக்கும். மனுதாரர் தரப்பு இரண்டாம் பாதியை.

பதினாறு ரூபாய் டாக்டர்

இந்த வகை வழக்குகளுக்கெல்லாம் மூத்தது என்று சொல்லத் தக்க ஒன்று பஞ்சாபில் நடந்தது. அரசு மருத்துவத் துறையில் சிவில் சர்ஜனாக இருந்த ஒரு டாக்டர் ஓய்வுக்கு முந்தைய விடுப்பில் இருந்தார். ஒரு நோயாளியிடம் அவர் 16 ரூபாய் லஞ்சம் வாங்கினார் என்று 'பிளிட்ஸ்' வார இதழில் செய்தி வந்தது. (வார இதழில் உட்கார்ந்து இதை எழுதும்போது கொஞ்சம் கூச்சமாகத்தான் இருக்கிறது.) 1961 ஜூனில், ஓய்வு வயதை எட்டச் சில நாட்களே இருந்தபோது, விடுப்பை ரத்து செய்து அவரை சஸ்பெண்ட் செய்தது அரசு. அப்போது முதலமைச்சர் பிரதாப் சிங் கைரோன்.

டாக்டர் சொன்ன கதை வேறு. முதலமைச்சர் குடும்பத்துக்கும் தனக்கும் இருந்த உறவு கசந்துபோனதற்கான பழிவாங்கல் இது என்றார். வெறும் வாய்ச்சொல்லாகச் சொல்லவில்லை, டேப் ரிக்கார்டரில் பதிவு செய்த உரையாடல்களை நீதிமன்றத்தின் முன் வைத்தார். அறுபதுகளின் தொடக்கத்தில் இது சாதாரண காரியமில்லை. அதை ஆதாரமாக ஏற்கலாமா என்ற வாதமே நீண்டது. ஐந்து நீதிபதிகள் அமர்வில் மூன்று பேர் டாக்டர் பக்கம், இரண்டு பேர் அரசுப் பக்கம். பெரும்பான்மைத் தீர்ப்பை எழுதியவர் சென்னையிலிருந்து உச்ச நீதிமன்றம் சென்ற என்.ராஜகோபால அய்யங்கார். சஸ்பெண்ட் செய்யும் அதிகாரம் அரசுக்கு உண்டு. ஆனால் அதைக் கெட்ட எண்ணத்தோடு பயன்படுத்தினால் ஆணை நிற்காது என்று 1963இல் சொல்லி உத்தரவை ரத்து செய்தது அந்த அமர்வு.

வழக்கின் பெயர் பிரதாப் சிங் எதிர் பஞ்சாப் அரசு. அரசு அதிகாரம் தவறாகப் பயன்படுத்தப்பட்டது என்று வாதாடும் எவரும் இன்றும் கையிலெடுக்கும் தீர்ப்பு. ஆனால் அது எடுபடுவது அபூர்வம். உள்நோக்கம் என்பதைச் சொல்வது சுலபம், நிரூபிப்பது பெரும்பாடு. எல்லாரிடமும் டேப் இருப்பதில்லை. மேலதிகாரிக்கு என்மேல் கோபம் என்பதோடு மனு நின்றுவிட்டால் முதல் விசாரணையிலேயே தள்ளுபடியாகிவிடும்.

ரசீதும் கார்பனும்

சஸ்பென்ஷனே கூடாது என்று சொல்ல இதை எழுதவில்லை. பணம் புழங்கும் இடத்தில் அது தேவைதான். ஒரு வரி வசூல் கவுண்டரை எடுத்துக்கொள்வோம். ரசீதுப் புத்தகத்தில் மேல் தாள் பணம் கட்டியவருக்கு, கீழே கார்பன் நகல் அலுவலகத்துக்கு. கார்பன் வைக்காமல் மேல் தாளில் 4,500 ரூபாய் என்று எழுதிக் கிழித்துக் கொடுத்துவிட்டு, பிறகு நகலில் 450 என்று எழுதினால்? கேஷ் புக்கில் 450 ஏறும். சலானும் 450க்குத்தான். மீதி சட்டைப் பையில். வருஷக்கணக்கில் இது வெளியே வராது. ஒருநாள் தணிக்கைக்கு வந்தவர் சும்மா ஒரு வீட்டுக்காரரிடம் அசல் ரசீதை வாங்கிப் பார்ப்பார். அங்கிருந்து நூல் பிரியும்.

இன்னொரு வகை, வசூலான பணத்தைப் பத்து நாள், ஒரு மாதம் கையில் வைத்திருந்து பிறகு கட்டுவது. 'கட்டிட்டேனே சார்' என்பதுதான் இங்கே வழக்கமான பதில். தற்காலிகக் கையாடலும் கையாடல்தான். திருப்பிக் கட்டியதால் குற்றம் கரைந்துபோவதில்லை. பொது ஊழியர் செய்யும் நம்பிக்கை மோசடிக்குப் பழைய தண்டனைச் சட்டத்தில் 409ஆவது பிரிவு. புதிய பாரதிய நியாய சன்ஹிதாவில் 316(5).

இப்படிப்பட்டவரை அதே கவுண்டரில் விட்டுவைத்தால் என்ன ஆகும்? நகல் புத்தகம் 'காணாமல்' போகும். சாட்சி சொல்ல வேண்டிய உதவியாளர் வாய் திறக்க மாட்டார். அதனால் அவரை விலக்கி வைப்பதில் யாருக்கும் தகராறு கிடையாது. தமிழ்நாடு குடிமைப் பணிகள் (ஒழுங்கு மற்றும் மேல்முறையீடு) விதிகளில் 17(இ) இதற்காகத்தான் இருக்கிறது. கடுமையான குற்றச்சாட்டு பற்றிய விசாரணை நடந்தாலோ, நடக்கவிருந்தாலோ சஸ்பெண்ட் செய்யலாம். குற்ற வழக்கு புலனாய்விலோ விசாரணையிலோ இருந்து, பொதுநலனுக்கு அவசியம் என்றாலும் செய்யலாம். 48 மணி நேரத்துக்கு மேல் காவலில் இருந்துவிட்டால் தனியாக யாரும் முடிவெடுக்க வேண்டியதே இல்லை, சஸ்பெண்ட் ஆனதாகவே கருதப்படும். லஞ்ச ஒழிப்புத் துறை பினாப்தலின் பவுடர் தடவிய நோட்டோடு வந்து, சோடியம் கார்பனேட் கரைசலில் கையைத் தோய்த்து, தண்ணீர் இளஞ்சிவப்பானால் அடுத்த கட்டம் கைது. அதைத் தொடர்ந்து இந்த விதி.

சிக்கல் தொடங்குவது இதற்குப் பிறகு. கேஷ் புக், ரசீதுப் புத்தகம், வங்கிச் சலான் எல்லாவற்றையும் பறிமுதல் செய்து கொண்டுபோயாயிற்று. சாட்சிகளிடம் வாக்குமூலம் வாங்கியாயிற்று. ஆவணம்தான் சாட்சி என்ற வழக்கில் ஆவணங்கள் அலுவலகத்தை விட்டே போன பிறகு, அந்த ஆளை இரண்டாவது ஆண்டும் மூன்றாவது ஆண்டும் வீட்டில் உட்கார வைப்பது எதற்காக? நீதிமன்றம் கேட்பது இதைத்தான். இவர் திருடினாரா என்று ரிட் மனுவில் எந்த நீதிபதியும் ஆராய மாட்டார். இன்னும் ஏன் வெளியே நிற்கிறார் என்பதுதான் கேள்வி.

ஒரு ரூபாய்க்கு ஒரு மாதம்

சஸ்பெண்ட் ஆனவருக்குச் சம்பளம் இல்லை, பிழைப்பூதியம் உண்டு. அடிப்படை விதி 53இன்படி தொடக்கத்தில் ஏறக்குறையப் பாதிச் சம்பளம். தாமதத்துக்கு ஊழியர் காரணமில்லை என்றால் பிறகு அந்தத் தொகையில் பாதி வரை கூட்டலாம், அதாவது முக்கால் சம்பளம். இழுத்தடிப்பவர் ஊழியர்தான் என்றால் குறைக்கவும் செய்யலாம். மாதாமாதம் ஒரு சான்று எழுதிக் கொடுக்க வேண்டும்: நான் வேறு எந்த வேலையிலும், தொழிலிலும், வியாபாரத்திலும் ஈடுபடவில்லை. வேலையும் இல்லை, வேறு வேலை பார்க்கவும் கூடாது, ஊரை விட்டும் போகக் கூடாது. வீட்டுக்கடன் தவணை மட்டும் முழுசாகப் போகும்.

மகாராஷ்டிரத்தில் ஒரு விதி இருந்தது. கீழ் நீதிமன்றத்தில் தண்டனை பெற்று மேல்முறையீட்டில் இருப்பவருக்குப் பிழைப்பூதியம் மாதம் ஒரு ரூபாய். ஆமாம், ஒற்றை ரூபாய். 1983இல் உச்ச நீதிமன்றம் அதைச் செல்லாது என்று தூக்கி எறிந்தது. அந்த விதியை எழுதியவர் எந்தக் கடையில் எதை வாங்க அந்த ஒரு ரூபாயைக் கணக்கிட்டாரோ!

கோலார் தங்கவயலில் நடந்தது இதைவிட உறைக்கும். பாரத் கோல்டு மைன்ஸ் என்ற பொதுத்துறை நிறுவனத்தில் பாதுகாப்பு அதிகாரியாக இருந்தவர் கேப்டன் பால் ஆண்டனி. 1985 ஜூனில் போலீஸ் அவர் வீட்டைச் சோதனையிட்டது. நாலரை கிராம் எடையுள்ள ஒரு தங்க உருண்டையும், ஒன்றேகால் கிலோவுக்குச் சற்று மேல் தங்கம் கலந்த மணலும் கிடைத்ததாக வழக்கு. சஸ்பெண்ட் செய்தார்கள். பிழைப்பூதியம் கொடுக்கவில்லை. அவர் கேரளத்தில் சொந்த ஊரில் இருந்தார்; துறை விசாரணை தங்கவயலில் நடந்தது. பயணத்துக்குக் காசில்லை, அவர் வராமலே விசாரணையை முடித்து 1986இல் டிஸ்மிஸ் செய்துவிட்டார்கள். அடுத்த ஆண்டே குற்ற வழக்கில் விடுதலை ஆனார். அந்த உருண்டையும் மணலும் அவர் வீட்டில் எடுக்கப்பட்டதாக நிரூபிக்க முடியவில்லை. ஆனாலும் நிறுவனம் அசையவில்லை. உச்ச நீதிமன்றம் அவர் பக்கம் தீர்ப்புச் சொன்னபோது ஆண்டு 1999. பிழைப்பூதியத்தை மறுப்பது வாழும் உரிமையையே மறுப்பது, அது இல்லாமல் நடத்திய ஒருதரப்பு விசாரணை செல்லாது என்றது தீர்ப்பு. மீண்டும் வேலை, பழைய சம்பளம் எல்லாம் உண்டு என்றது. இடையில் போன ஆண்டுகள் பதினான்கு.

பிழைப்பூதியம் தராமல் துறை விசாரணை நடத்தினால் வழக்கு கவிழும் என்று இன்று ஒவ்வொரு பிரிவு கண்காணிப்பாளருக்கும் தெரிந்திருப்பதற்கு இந்தத் தீர்ப்புதான் காரணம். தெரிந்தும் பட்டியல் போடாமல் மூன்று மாதம் வைத்திருக்கும் அலுவலகங்கள் உண்டு என்பது வேறு விஷயம்.

நாலு ஏக்கர் தீர்ப்பு

2015 பிப்ரவரி 16. அஜய் குமார் சௌத்ரி எதிர் இந்திய அரசு. சர்வீஸ் வக்கீல்களின் கைப்பையில் எப்போதும் ஒரு நகல் கிடக்கும் தீர்ப்பு இது. காஷ்மீரில் பாதுகாப்புத் துறை நிலங்களுக்கான அதிகாரியாக இருந்தவர், சுமார் நாலு ஏக்கர் நிலத்துக்குத் தவறாகத் தடையில்லாச் சான்று கொடுத்தார் என்று குற்றச்சாட்டு. 2011 செப்டம்பரில் சஸ்பெண்ட். பிறகு மறுபடி மறுபடி நீட்டிப்பு. தீர்ப்பாயம், டெல்லி உயர் நீதிமன்றம் எல்லாம் கடந்து உச்ச நீதிமன்றம் வந்தார். நீதிபதிகள் விக்ரம்ஜித் சென், சி.நாகப்பன் அமர்வு.

மேக்னா கார்ட்டா வரைக்கும் போய்வந்த அந்தத் தீர்ப்பின் சாரம் இவ்வளவுதான். மூன்று மாதத்துக்குள் குற்றச்சாட்டுக் குறிப்பாணையோ குற்றப்பத்திரிகையோ கொடுக்கப்படாவிட்டால் சஸ்பென்ஷன் அதற்கு மேல் நீளக் கூடாது. கொடுக்கப்பட்டுவிட்டால், நீட்டிப்புக்குக் காரணம் சொல்லி ஆணை போட வேண்டும். சாட்சியைக் கலைப்பார் என்ற பயமிருந்தால் அவரை மாநிலத்துக்கு உள்ளோ வெளியிலோ வேறு அலுவலகத்துக்கு மாற்றிக்கொள்ளலாம், யார் வேண்டாம் என்றது? குற்றம் என்னவென்று சொல்லப்படுவதற்கு முன்பே ஒருவர் சமூகத்தின் ஏளனத்தையும் துறையின் இளக்காரத்தையும் சுமக்க வேண்டியிருக்கிறது என்ற வருத்தமும் தீர்ப்பில் இருக்கிறது.

வழக்குப் போட்டவருக்கு என்ன கிடைத்தது? ஏறக்குறைய ஒன்றுமில்லை. வழக்கு நடந்துகொண்டிருக்கும்போதே அவருக்குக் குற்றச்சாட்டுக் குறிப்பாணை கொடுத்துவிட்டார்கள். ஆகவே இந்த மூன்று மாதக் கெடு இனி அவருக்குப் பொருந்தாது என்று சொல்லிவிட்டது நீதிமன்றம். நாடெங்கும் ஆயிரக்கணக்கானோர் அவர் பெயரைச் சொல்லி வேலைக்குத் திரும்ப, அவர் மட்டும் அந்தக் கதவுக்கு வெளியே நின்றார். 2016 ஆகஸ்டில் மத்தியப் பணியாளர் துறை சுற்றறிக்கை போட்டது: சஸ்பெண்ட் செய்தால் 90 நாளுக்குள் குறிப்பாணை கொடுத்துவிடுங்கள்.

மத்திய அரசு ஊழியர்களுக்கு இன்னொரு பிடிமானமும் ஏற்கெனவே இருந்தது. 1965ஆம் ஆண்டு விதிகளில் பத்தாவது விதிக்கு 2004 முதல் சேர்ந்த உட்பிரிவுகளின்படி, 90 நாள் முடிவதற்குள் குழு கூடி மறுஆய்வு செய்யாவிட்டால் சஸ்பென்ஷன் தானே செத்துவிடும். தீபக் மாலி வழக்கில் இதை உச்ச நீதிமன்றம் எழுத்துக்கு எழுத்து உறுதிப்படுத்தியது. நாள் கடந்த பிறகு கூடிய குழு செத்ததற்கு உயிர் கொடுக்க முடியாது. தமிழ்நாட்டின் 17(இ)யில் இப்படித் தானாகக் காலாவதியாகும் ஏற்பாடு கிடையாது. இங்குள்ள ஊழியருக்கு ஒரே துணை அஜய் குமார் தீர்ப்பு.

கல்லாப் பக்கம் வராதே

அந்தத் துணையும் எத்தனை தூரம் வரும்? நீதிமன்றங்கள் பண விவகாரம் என்றாலே கொஞ்சம் கெட்டியாகிவிடுவது வழக்கம். உத்தரப்பிரதேச வேளாண் விற்பனை வாரிய ஊழியர் ஒருவரின் பணக் கையாடல் வழக்கில், இத்தனை கடுமையான குற்றச்சாட்டு இருக்கும்போது உயர் நீதிமன்றம் சஸ்பென்ஷனில் தலையிட்டிருக்கக் கூடாது என்று 1993இல் சொன்னது உச்ச நீதிமன்றம். அலகாபாத் வங்கி வழக்கில் இன்னும் ஒரு படி மேலே. சி.பி.ஐ. வழக்கில் சிக்கிய வங்கி ஊழியர் பத்தாண்டுகளாகச் சஸ்பென்ஷனில் இருக்கிறார், திரும்ப எடுங்கள் என்றது உயர் நீதிமன்றம். பத்து வருஷம் ஓடிவிட்டது என்பதற்காக மட்டும், குற்றமற்றவர் என்று ஆகாத ஒருவரை வங்கியின் பொறுப்பான இருக்கையில் உட்கார வைக்க முடியாது என்று 1997இல் மறுத்தது உச்ச நீதிமன்றம். மக்களின் சேமிப்புப் பணம் புழங்கும் இடம், அதற்கு இந்தக் கறார் வேண்டும்தான். ஆனால் பத்து ஆண்டு ஏன் ஆனது என்று வங்கியையும் புலனாய்வையும் இதே கறாரோடு கேட்டிருக்கலாம்.

இரண்டு வகைத் தீர்ப்புகளும் கையில் இருந்ததால் சென்னை உயர் நீதிமன்றத்தில் ஒரு காலம் விநோதமாக இருந்தது. ஒரே மாதிரி வழக்கு. ஒரு நீதிபதி முன் போனால், மூன்று மாதம் தாண்டியாயிற்று, ரத்து. இன்னொருவர் முன் போனால், லஞ்ச வழக்கு, தலையிட முடியாது. கடைசியில் மூன்று நீதிபதிகள் கொண்ட முழு அமர்வுக்குப் போய், 2022இல் பதில் வந்தது: அஜய் குமார் தீர்ப்பு, மூன்று மாதம் முடிந்தால் எந்தச் சஸ்பென்ஷனும் தானாகப் போய்விடும் என்ற முழுமுதல் விதியைச் சொல்லவில்லை, வழக்குக்கு வழக்கு குற்றச்சாட்டின் கனத்தையும் சூழ்நிலையையும் பார்க்க வேண்டும்.

சட்டப்படி இது சமநிலையான முடிவாகத் தெரியலாம். நடைமுறையில், 90ஆம் நாளுக்கு இருந்த பயம் அலுவலகங்களுக்குப் போய்விட்டது என்பதே என் கணிப்பு. இப்போது ரிட் மனு போட்டால் பல நேரங்களில் கிடைப்பது பழகிய ஒரு வாசகம்: மனுதாரரின் கோரிக்கையை இத்தனை வாரங்களுக்குள் தகுதி அடிப்படையில் பரிசீலித்து உத்தரவிட வேண்டும். துறை பரிசீலிக்கும். 'வழக்கு நிலுவையில் உள்ளதால் கோரிக்கை ஏற்கப்படவில்லை' என்று ஒரு வரியில் கடிதம் வரும். அதை எதிர்த்து இரண்டாவது ரிட். வக்கீல் கட்டணமும் பாதிச் சம்பளத்திலிருந்துதான்.

இதற்கு நடுவிலும் காலம் தன் வேலையைச் செய்யும் என்பதற்கு ஒரு தமிழ்நாட்டு வழக்கே சாட்சி. திருப்பூர் நிதி நிறுவன மோசடியை ஒட்டி எழுந்த வழக்கில் காவல்துறை ஐ.ஜி. அந்தஸ்து அதிகாரி ஒருவர் 2012 மே மாதம் கைதாகி சஸ்பெண்ட் ஆனார். நீட்டிப்பு மேல் நீட்டிப்பு. 2018 ஆகஸ்டில் உச்ச நீதிமன்ற நீதிபதிகள் எஸ்.ஏ.பாப்டே, எல்.நாகேஸ்வர ராவ் அமர்வு, ஆறு ஆண்டுக்கு மேலாக இதை நீட்டிப்பதால் எந்தப் பயனும் இல்லை என்று முடித்துவைத்தது. கூடவே இன்னொரு அடி: அவருக்குக் கொடுத்த குற்றச்சாட்டுக் குறிப்பாணைக்கு உரிய அதிகாரத்தின் ஒப்புதலே வாங்கப்படவில்லை, ஆகவே அதுவும் செல்லாது. இத்தனை பெரிய வழக்கில், இத்தனை பெரிய அதிகாரிக்குப் போட்ட தாளிலேயே இந்தக் கோளாறு.

இரண்டாவது தாள் எங்கே?

அந்தக் குறிப்பாணை ஒன்றும் ராக்கெட் விஞ்ஞானம் இல்லை. நாலு இணைப்புகள்: குற்றச்சாட்டு என்ன, அதன் விவரம், எந்தெந்த ஆவணங்கள், யார் யார் சாட்சி. பிறகு ஏன் வருஷக்கணக்கில் தாமதம்?

அசல் ஆவணங்கள் போலீஸிடம் இருக்கும். துறை நகல் கேட்டு எழுதும். புலனாய்வு முடியவில்லை என்று பதில் வரும். நினைவூட்டு ஒன்று, நினைவூட்டு இரண்டு. லஞ்ச ஒழிப்புத் துறை அறிக்கை கண்காணிப்பு ஆணையம் வழியாகத் துறைச் செயலருக்குப் போய், குற்ற வழக்கா, ஒழுங்கு நடவடிக்கைத் தீர்ப்பாயமா, துறை விசாரணையா என்று முடிவாகிக் கீழே இறங்கி வர வேண்டும். குற்ற வழக்கு என்றால் வழக்குத் தொடர அனுமதி வேறு. இதற்கிடையே அந்தப் பிரிவு உதவியாளர் மாறுதலாகிப் போவார். புதிதாக வந்தவர் கோப்பைப் புரட்டிவிட்டு முதலிலிருந்து எழுதத் தொடங்குவார். ஊழல் தடுப்புச் சட்டத்தில் 2018இல் திருத்தம் கொண்டுவந்து, விசாரணையை இரண்டு ஆண்டில் முடிக்க முயல வேண்டும், எப்படிப் போனாலும் நாலு ஆண்டைத் தாண்டக் கூடாது என்று எழுதினார்கள். எழுதியது சட்டப் புத்தகத்தில் இருக்கிறது.

அரசு அலுவலகங்களை மட்டும் சொல்வானேன். டெல்லி தீஸ் ஹசாரி நீதிமன்றத்தின் ஆவண அறையில் வேலை பார்த்த எழுத்தர் ஒருவரின் வழக்கு 2015 டிசம்பரில் உச்ச நீதிமன்றத்தில் முடிந்தது. 1990இல் சஸ்பெண்ட், விசாரணை ஒன்பது ஆண்டுக்கு மேல். அங்கே முதலாளியே நீதித்துறைதான். துறை விசாரணையை ஆறு மாதத்துக்குள், தவிர்க்க முடியாவிட்டால் ஓராண்டுக்குள் முடிக்க வேண்டும் என்று அந்த வழக்கில்தான் உச்ச நீதிமன்றம் எல்லா முதலாளிகளுக்கும் சொன்னது. சஸ்பென்ஷன் காலத்தை ஓய்வூதியக் கணக்கில் சேர்க்கவும் உத்தரவிட்டது.

தாமதத்தில் அடிபடுபவர் நிரபராதி மட்டும் என்று நினைக்க வேண்டாம். உண்மையிலேயே பணத்தைச் சுருட்டியவருக்கு இதைவிட வசதி வேறில்லை. வேலைக்குப் போகாமல் முக்கால் சம்பளம் வரை வரும். சாட்சிகள் ஓய்வு பெற்றுப் போவார்கள், சிலர் இறந்தும் போவார்கள். ரசீதில் இருந்த கையெழுத்து மங்கும். நீண்ட தாமதத்தையே காரணம் காட்டிக் குறிப்பாணையை ரத்து செய்யக் கேட்டு அவரும் ரிட் போடுவார். சில சமயம் ஜெயிக்கவும் செய்வார். ஊர்ப்பணம் ஒருமுறை கல்லாவிலிருந்து போனது, மறுமுறை பிழைப்பூதியமாகப் போகிறது. கோர்ட் எப்போதும் ஊழியர் பக்கம்தான் என்று அலுத்துக்கொள்ளும் அதிகாரிகள், தங்கள் மேசையில் அந்தக் கோப்பு எத்தனை நாள் கிடந்தது என்று குறிப்புத் தாளின் தேதிகளைப் பார்த்துவிட்டு அலுத்துக்கொள்ளலாம்.

ஓய்வு நாள் மாலை

தமிழ்நாட்டு ஊழியர்கள் மிகவும் பயந்த தேதி ஒன்று இருந்தது: ஓய்வு பெறும் மாதத்தின் கடைசி நாள். மாலை விருந்துக்குச் சாமியானா போட்டிருக்கும். சால்வை வாங்கி வைத்திருப்பார்கள். வெளியூரிலிருந்து மகளும் மருமகனும் வந்திருப்பார்கள். மூன்று மணிக்கு மேல் தபாலில் ஒரு உறை வரும். பல ஆண்டுகளாகக் கிடப்பில் இருந்த ஏதோ ஒரு தணிக்கைத் தடையோ, கண்காணிப்பு அறிக்கையோ அன்றைக்குத்தான் விழித்துக்கொள்ளும். சஸ்பெண்ட். அதோடு அடிப்படை விதி 56(1)(சி)யின்படி, ஓய்வு பெற அனுமதிக்காமல் பணியில் வைத்திருக்கும் ஆணை. வயது முடிந்துவிட்டது; ஆனால் ஓய்வு இல்லை. பணிக்கொடையும் முழு ஓய்வூதியமும் விசாரணை முடிந்த பிறகுதான். இப்படி எழுபது வயதைத் தாண்டியும் 'பணியில்' இருந்தவர்கள் உண்டு.

இந்த வழக்கம் கைவிடப்படும் என்று 2021 செப்டம்பரில் சட்டமன்றத்தில் அறிவித்தார் முதலமைச்சர் மு.க.ஸ்டாலின். ஊழியர் சங்கங்கள் பல ஆண்டுகளாகக் கேட்டது அது. ஓய்வுக்கு முன்பே நடவடிக்கையை முடித்துவிட வேண்டும் என்பதே அதன் பொருள். நடவடிக்கையே வேண்டாம் என்பதில்லை.

எல்லாம் முடிந்து, ஒருவர் வேலைக்குத் திரும்பிவிட்டார் என்று வைத்துக்கொள்வோம். கணக்கு அத்தோடு தீராது. வெளியே இருந்த காலத்தை என்னவென்று எழுதுவது? அடிப்படை விதி 54-பி அதற்கு இருக்கிறது. சஸ்பென்ஷனே நியாயமற்றது என்று ஆனால் முழுச் சம்பளம், பணிக்காலம். இல்லையென்றால் எவ்வளவு, எப்படி என்று தனி ஆணை வேண்டும். குற்ற வழக்கில் விடுதலையானால்கூட முழுப் பாக்கி தானாக வந்துவிடாது. சந்தேகத்தின் பலனில் விடுதலையா, முழு விடுதலையா என்று துறை தீர்ப்பைப் பிரித்துப் பிரித்துப் படிக்கும். அந்த ஆணை வரும்வரை பணிப்பதிவேட்டில் அந்த இரண்டு தேதிகளுக்கு நடுவில் எதுவும் எழுத முடியாது. ஆண்டு ஊதிய உயர்வு அங்கேயே நிற்கும். பதவி உயர்வுப் பட்டியலில் தனக்குப் பின்னால் சேர்ந்தவர் பெயருக்கு நேரே கையெழுத்துப் போட்டுக்கொண்டு அவர் தினமும் அலுவலகம் போய்வருவார். கருத்துரு அனுப்பியிருக்கிறோம் என்பார்கள். எங்கே இருக்கிறது என்று கேட்டால், மேலே இருக்கிறது என்பார்கள்.